அம்மா வரும் அக்டோபர்

2025 அக்டோபர் 14, செவ்வாய்

அம்மாவுக்கு டிக்கெட் போட்டாயிற்று. சென்னையிலிருந்து நேராகப் பாங்காக். 25ஆம் தேதி நள்ளிரவு தாண்டிக் கிளம்பும் விமானம். டிக்கெட்டில் 25 என்று இருந்தாலும் 24 ராத்திரி சாப்பிட்ட கையோடு மீனம்பாக்கம் போய்விட வேண்டும் என்று சொல்லிச் சொல்லி எனக்குத் தொண்டை வற்றிவிட்டது. "சனிக்கிழமைதானேடி?" என்கிறாள். வெள்ளிக்கிழமை அம்மா. வெள்ளிக்கிழமை ராத்திரி.

அக்டோபர் 15

மழை. படுக்கை.

அக்டோபர் 16

அம்மா வரும் வாரம் முழுக்க இவருக்கு வெளியூரில், ராயோங்கில், ஆலை ஷட்டவுன் வேலை. பிள்ளைத்தாய்ச்சி நான், படியிறங்கக் கூடாது. அதனால் அம்மா தனியாகத்தான் வந்து சேர வேண்டும். கும்பகோணத்திலிருந்து மெட்ராஸுக்குக் கூடத் துணையில்லாமல் போனதில்லை அவள்.

இடது பக்கம் ஒருக்களித்தபடி வாய்ஸ் மெசேஜ் பேசி அனுப்பினேன். எழுதியும் வைக்கிறேன், ஏதாவது விட்டுப்போயிருந்தால் தெரியும். சுவர்ணபூமி ஏர்போர்ட்டில் இறங்கியதும் எல்லாரும் போகும் பக்கம் போ. இமிக்ரேஷனில் விரல் ரேகையும் போட்டோவும் எடுப்பார்கள், பயப்படாதே. முத்திரையில் எந்தத் தேதி வரை என்று அங்கேயே நின்று பார்த்துவிடு, நமக்கு 60 நாள் வேண்டும். பெட்டியை எடுத்துக்கொண்டு வெளியே வந்ததும் "டாக்சி, டாக்சி" என்று கிட்டே வருகிறவர்களுக்கு முகம் கொடுக்காதே. ஒரு மாடி கீழே, முதல் தளம். அங்கே மெஷினைத் தொட்டால் சீட்டு வரும். சீட்டில் என்ன நம்பரோ அந்த நம்பர் போட்ட இடத்தில் உன் வண்டி நிற்கும். சீட்டு உன்னிடமே இருக்கட்டும், டிரைவர் கேட்டாலும் கொடுக்காதே. மீட்டர் 35 பாட் (இந்த ஊர்க் காசு) என்று தொடங்கும். ஏர்போர்ட் வண்டி என்பதால் அதற்கு மேல் 50. எக்ஸ்பிரஸ்வேயில் டோல் நாம்தான் தர வேண்டும், சின்ன நோட்டாக வைத்துக்கொள்.

ரயிலும் இருக்கிறது, மலிவு. ஆனால் பயா தாய் ஸ்டேஷனில் இறங்கி ஸ்கைட்ரெயின் ஏறி, சியாமில் மறுபடி மாற வேண்டும். பெட்டியும் முழங்காலும் அதற்கு ஒத்துவராது.

அக்டோபர் 17

முகவரிச் சீட்டு. அதுதான் எல்லாவற்றிலும் முக்கியம். இங்கிலீஷில் எழுதிக் காட்டினால் பல டிரைவர்களுக்குப் பிடிபடுவதில்லை. கீழே ரிசப்ஷன் பெண் மேலே வந்து தாய்லாந்து எழுத்தில் பெரிதாக எழுதிக் கொடுத்தாள். தெரு, சோய் (சந்து) நம்பர், பக்கத்து அடையாளமாக வாட் கேக், என் போன் நம்பர். சீலோம் மாரியம்மன் கோயிலை இங்கே எல்லாரும் வாட் கேக் என்றுதான் சொல்கிறார்கள், எந்த டிரைவருக்கும் தெரியும். போட்டோ எடுத்து அனுப்பிவிட்டேன். அம்மா அதைப் பிரிண்ட் போட வேண்டும். போனில் இருக்கிறதே என்றால் போன் அணைந்துவிட்டால்?

அக்டோபர் 18

பிரிண்ட் போடவில்லை.

அக்டோபர் 20, தீபாவளி

அங்கே வெடிச் சத்தத்தில் பாதி பேச்சு கேட்கவில்லை. பெட்டியில் என்னென்ன என்று கேட்டேன். பருப்புப்பொடி, சுக்கு, லேகியம், மாத்திரை. மாத்திரையை அட்டையோடு, டாக்டர் சீட்டோடு கொண்டுவரச் சொன்னேன். வலிக்கான மாத்திரைகளில் சிலவற்றுக்கு இங்கே கட்டுப்பாடு உண்டு. லேகியம் பெரிய பெட்டியில், பவர் பேங்க் கைப்பையில். கறிவேப்பிலை கொத்தாக வேண்டாம். இங்கே இந்தியக் கடைகள் உள்ள பாஹுரத்தில் கிடைக்கிறது. "அது என்ன கறிவேப்பிலை, வாசனையே இருக்காது" என்கிறாள், பார்க்காமலே.

விஜயதசமியன்று மாரியம்மன் கோயில் ஊர்வலம் போனபோது நாகஸ்வரம் மட்டும் இங்கே வரை கேட்டது. அம்மா வந்ததும் முதலில் கோயிலுக்கு அவளாவது போய்வரட்டும். அங்கே தாய்லாந்துக்காரர்கள் சாமந்தி மாலையும் தேங்காயும் வைத்துக்கொண்டு வரிசையில் நிற்பதைப் பார்த்தாலே அவளுக்குப் பாதி பயம் போய்விடும்.

அக்டோபர் 21

இன்று ஜே என்ற சைவ விரத விழா தொடக்கம், 29 வரை. மஞ்சள் கொடியில் சிவப்பு எழுத்து, தெருவெல்லாம் கட்டியிருக்கிறார்களாம். அந்தக் கொடி உள்ள கடையில் மீன், முட்டை, மீன் சாறு எதுவும் கிடையாது, வெங்காயம் பூண்டு கூட இல்லை. அம்மாவுக்காகவே வந்த மாதிரி இருக்கிறது. மற்ற நாட்களில் வெறும் காய்கறி வதக்கலில் கூட மீன் சாறு விடுவார்கள், "காய்தானே" என்று நம்பிச் சாப்பிட முடியாது. "மாய் சாய் நாம் ப்லா" (மீன் சாறு விடாதீர்கள்) என்று சொல்லப் பழகச் சொன்னேன். மருமகனிடம் ஒப்பித்துக் காட்டியிருக்கிறாள்.

குழாய்த் தண்ணீர் குடிக்கக் கூடாது, பாட்டில்தான். இதையும் சொல்ல வேண்டும்.

அக்டோபர் 22

வருகைப் பதிவை நானே நிரப்பினேன். மே முதல் எல்லா வெளிநாட்டவருக்கும் கட்டாயம். இறங்கும் நாளுக்கு மூன்று நாள் முன்னால்தான் திறக்கும், காசு கிடையாது. தேடினால் காசு கேட்கும் போலித் தளங்கள் முதலில் வந்து நிற்கின்றன, எத்தனை பேர் ஏமாறுகிறார்களோ என்று வயிறு எரிந்தது. அரசுத் தளத்தின் முகவரி கோ.டிஎச் என்று முடியும், அதைப் பார்த்துத்தான் உள்ளே போக வேண்டும்.

பிரிண்ட் போட்டாளாம். முகவரியையும் சேர்த்து.

அக்டோபர் 23

இன்று குழந்தை அசைவு குறைவோ என்று பயம். சாயங்காலம் சரியாயிற்று. எதுவும் எழுதத் தோன்றவில்லை.

யார் வீட்டுக் குழந்தையாக இருந்தாலும் தலையைத் தடவாதே என்று சொல்ல மறக்கக் கூடாது. அம்மாவின் கை தானாகப் போகும். இங்கே தலை புனிதம். காலை நீட்டிச் சாமி பக்கம் உட்காரக் கூடாது, அது நமக்கும் உண்டு. பிக்குகளைத் தொடக் கூடாது. நோட்டு கீழே விழுந்தால் காலால் அமுக்கிப் பிடிக்கக் கூடாது, அதில் ராஜா படம். காலை எட்டுக்கும் மாலை ஆறுக்கும் தேசியகீதம் போட்டால் நின்றுவிட வேண்டும்.

அக்டோபர் 24, ராத்திரி

மீனம்பாக்கம் போய்விட்டாள். அரக்குப் பட்டு கட்டியிருக்கிறாள்.

அக்டோபர் 25

தூங்கவில்லை. விடியுமுன் போனைத் திறந்தால் இந்த நாட்டு ராஜாவின் தாயார் ராணி சிரிகித் இறந்த செய்தி. 93 வயது. நேற்று இரவே போயிருக்கிறார், அம்மா பறந்துகொண்டிருக்கும்போது அறிவித்திருக்கிறார்கள். டிவியில் எல்லாரும் கருப்பு. அரக்குப் பட்டோடு அவள் அங்கே இறங்கி நிற்பாளே என்று அதுவே மண்டைக்குள் ஓடிக்கொண்டிருந்தது.

ஆறேகாலுக்கு போன். "இறங்கிட்டேன். எல்லாரும் போற பக்கம் போறேன்." பிறகு ஒன்றரை மணி நேரம் ஒன்றுமில்லை. பிறகு ஒரு ஆண் குரல், தாய்லாந்து மொழியில், மெதுவாக. டிரைவர். வாட் கேக், வாட் கேக் என்றேன். காப், காப் (சரி, சரி) என்றார்.

கதவைத் திறந்ததும் கையில் முகவரிச் சீட்டு, டாக்சிச் சீட்டு இரண்டும். டிரைவரிடம் கொடுக்கவில்லையாம்.

அக்டோபர் 26, ஞாயிறு

ராணியின் உடலை இன்று சூலாலங்கோர்ன் மருத்துவமனையிலிருந்து அரண்மனைக்குக் கொண்டுபோகிறார்கள். வழியெல்லாம் கருப்பு உடையில் ஜனம். பொதுமக்களுக்குத் துக்கம் 90 நாள். வெளிநாட்டுக்காரர்களுக்குக் கட்டாயம் இல்லை, ஆனால் அடங்கிய நிறம் உடுத்துவதுதான் மரியாதை என்றேன். கருப்பா, பிள்ளைத்தாய்ச்சி வீட்டிலா என்று அம்மா எழுந்தே விட்டாள். வெள்ளையும் சரிதான் என்றேன், அதற்கு இன்னும் கோபம். அவள் பக்கமும் எனக்குப் புரிகிறது. ஆனால் இந்தத் தெருவில்தான் இனி நாம் இருக்கப் போகிறோம், கீழே காய் விற்கும் அம்மாள் அழுதுகொண்டிருக்கிறாள்.

பெட்டியின் அடியில் ஒரு சாம்பல் நிறக் கோஆப்டெக்ஸ் இருந்தது. அதற்குச் சம்மதம்.

அக்டோபர் 27

அம்மா தனியாகக் கோயிலுக்குப் போய்வந்தாள். நடைபாதையில் மோட்டார் சைக்கிள் ஏறி வருகிறதே என்று புகார். ரோட்டைக் கடக்க மேம்பாலம் ஏறு, வண்டி நிற்கும் என்று நம்பாதே என்று சொன்னேன். உள்ளே போட்டோ எடுக்கக் கூடாது என்றார்களாம், அது அவளுக்குப் பிடித்திருந்தது.

அக்டோபர் 28

நாளைக் காலை ஸ்கேன். வண்டியிலும் ஆஸ்பத்திரியிலும் ஏசி எலும்பை ஊடுருவும், அம்மாவுக்கு ஒரு சால்வை எடுத்துவைக்க வேண்டும். மழை வந்தால் எங்கள் சோயில் கணுக்கால் வரை தண்ணீர் நிற்கும், அதனால் ஏழு மணிக்கே வண்டிக்குச் சொல்லிவிட வேண்டும்.