தப்பா, தப்பில்லையா?

என் இங்கிலீஷ் வகுப்புக்கு வரும் ஒரு அக்கா கேட்டது ஒற்றை வார்த்தைப் பதில். நான் நடத்தியது ஒரு முழுப் பாடம். அதை எத்தனையோ தடவை மனதுக்குள் ஓட்டிப் பார்த்துவிட்டேன். ஒவ்வொரு தடவையும் நான் சொன்னது சரியாகத்தான் இருக்கிறது. எரிச்சலே அதில்தான்.

லிங்கிச் செட்டி தெருவில், துறைமுகச் சரக்குகளுக்குச் சுங்க வேலை முடித்துக் கொடுக்கும் ஒரு கிளியரிங் ஆபீஸில் டாக்குமென்டேஷன் பார்க்கிறவர் அவர். ஏற்றுமதிக்கான ஷிப்பிங் பில், இறக்குமதிக்கான பில் ஆஃப் என்ட்ரி எல்லாம் அவர் கை பட்டுத்தான் போகும். எண்ணூர் ரோட்டில் டிரெய்லர்கள் நிற்கிற வரிசையை வைத்தே, கன்டெய்னர் பெட்டி இன்றைக்குத் துறைமுகத்துக்குள் போகுமா போகாதா என்று சொல்லிவிடுவார். தண்டையார்பேட்டையில் நான் நடத்தும் மாலை வகுப்புக்கு அவர் வந்து சேர்ந்ததற்குக் காரணம் ஆபீஸுக்குப் புதிதாக வந்த மேனேஜர். அக்காவுடைய மெயிலை பிரின்ட் எடுத்து, சிவப்பில் இரண்டு இடங்களைச் சுழித்துக் கொடுத்திருந்தார் அந்த மனிதர். அந்தத் தாளை வகுப்பில் எல்லோர் முன்னாலும் என்னிடம் நீட்டினார் அக்கா.

முதல் சுழி: ‘தி கன்டெய்னர் ஹேஸ் ரீச்ட் யெஸ்டர்டே’. இதில் வாதாட எதுவும் இல்லை. ‘யெஸ்டர்டே’ என்று முடிந்துபோன நேரத்தைச் சொல்லிவிட்டால் ‘ஹேஸ்’ கூடாது. நம் ஆட்கள் ஏன் இதில் விழுகிறார்கள் என்பதும் தெரிந்ததுதான். ‘நேத்தே வந்திருக்கு’ என்று தமிழில் தாராளமாகச் சொல்கிறோம். ‘டிஸ்கஸ் அபவுட்’ வருவதும் ‘அதைப் பற்றி’ என்று பேசும் பழக்கத்தில்தான். தமிழ் கெடுக்கவே செய்கிறது என்றும் சொல்லிவிட முடியாது. ‘ஃபார்’, ‘சின்ஸ்’ குழப்பத்துக்கு நான் தமிழைத்தான் பிடித்துக்கொள்வேன். ‘ரெண்டு நாளா’ என்றால் ஃபார், ‘திங்கட்கிழமையிலிருந்து’ என்றால் சின்ஸ். பெரும்பாலும் அதோடு தெளிந்துவிடும்.

இரண்டாவது சுழி: ‘கைண்ட்லி டூ தி நீட்ஃபுல்’. தயவுசெய்து வேண்டியதைச் செய்யுங்கள் என்று அர்த்தம்.

“ரெண்டும் தப்பா மிஸ்? ஒரே வார்த்தைல சொல்லுங்க.”

“முதல்ல இருக்கிறது தப்புக்கா. ரெண்டாவது தப்பில்ல, ஆனா…”

அந்த ‘ஆனா’வுக்குப் பிறகு நான் நிறுத்தவில்லை. ஒரு காலத்தில் இங்கிலாந்துக்காரர்களே வியாபாரக் கடிதங்களில் எழுதிய வாசகம் இது, அங்கே வழக்கொழிந்துவிட்டது, நம் ஆபீஸ்களில் தங்கிவிட்டது என்றேன். இங்கே யாரும் புருவம் உயர்த்த மாட்டார்கள், வெளிநாட்டில் படிக்கிறவர் ‘எந்த வேலையைச் சொல்கிறார்?’ என்று முழிக்கலாம், அதனால் வேலையின் பேரையே எழுதிவிடுவது நல்லது என்றும் சொன்னேன். பொறுமையாகக் கேட்டுவிட்டுத் தாளை மடித்தார்.

“அப்ப தப்புன்னே சொல்லிருக்கலாமே மிஸ். அடிச்சிட்டுப் போயிருப்பேன்.”

வகுப்பு சிரித்தது. நானும் சிரித்தேன்.

என்ன எதிர்பார்த்திருப்பார்? ‘தப்பில்லை’ என்று நான் நிறுத்தியிருந்தால் அதை மேனேஜரிடம் போய்ச் சொல்லியிருப்பாரோ என்னவோ. அல்லது நிஜமாகவே தப்பு என்ற சொல்தான் வேண்டியிருந்ததா? மேனேஜருடைய பேனாவுக்கு இலக்கணப் பிழையும் பழைய நடையும் ஒன்றுதான். நான் பாடுபட்டுப் பிரித்துக் காட்டினேன். அக்கா காதில் இரண்டும் ஒன்றாகத்தான் விழுந்தது.

மேனேஜரையும் திட்ட முடியவில்லை. அந்த இடத்தில் நானாக இருந்தாலும் சுழித்திருப்பேன். ஒருநாள் தாமதமானால் டெமரேஜ் என்று தாமதக் கட்டணம் ஏறுகிற தொழிலில், என்ன செய்ய வேண்டும் என்று சொல்லாத மெயில் எதற்கு?

ஆனால் அந்த மெயில் போனது வெளிநாட்டுக்கு இல்லை. மணலியில் ஒரு கன்டெய்னர் யார்டில், இவரோடு வருஷக்கணக்கில் வேலை பார்க்கிறவருக்கு. அந்த ஆளிடம் ‘டெலிவரி ஆர்டர் வந்துவிட்டது, பெட்டியை இறக்கி வையுங்கள்’ என்று ஒவ்வொன்றாக எழுதினால், உனக்கு வேலை தெரியாது என்று சொல்கிற மாதிரி. ‘செய்ய வேண்டியதைச் செய்துவிடுங்கள்’ என்பதில் ஒரு மரியாதை இருக்கிறது. இது எனக்கு வீட்டுக்குப் போன பிறகுதான் தோன்றியது. வகுப்பிலேயே தோன்றியிருந்தால் அதையும் சேர்த்துச் சொல்லிப் பாடத்தை இன்னும் நீட்டியிருப்பேன். வேறு ஒன்றும் ஆகியிருக்காது.

இப்போது அவருடைய மெயில்கள் குட்டையாக, பிழையில்லாமல் இருக்கின்றன. “இப்பல்லாம் செவப்பு வர்றதில்ல மிஸ்” என்றார். சந்தோஷப்பட வேண்டிய செய்திதான். ஆனால் வகுப்பில் அவர் கேள்வி கேட்பது நின்றுவிட்டது. முன்பெல்லாம் விடமாட்டார். ‘போஸ்ட்போன்’ என்பதற்கு எதிர்ப்பதமாகச் சொல்லும் ‘பிரிப்போன்’ நம்ம ஊர் இங்கிலீஷ்தான், ஆனாலும் ஆக்ஸ்ஃபோர்டு அகராதியில் ஏறிவிட்டது என்று நான் பெருமையாகச் சொன்னபோது, “அதுக்கு முந்தின நாள் வரைக்கும் தப்பா மிஸ்?” என்று மடக்கியவர் அவர். ஒருவேளை கேட்க வேண்டியதெல்லாம் தீர்ந்திருக்கலாம். நான்தான் அந்தச் சிரிப்போடு முடிச்சுப் போட்டுக்கொள்கிறேனோ?

அதற்குப் பிறகு யாராவது சரியா தப்பா என்று கேட்டால், ‘யார் படிக்கப் போகிறார்கள்?’ என்று முதலில் கேட்க ஆரம்பித்தேன். நல்ல வழி என்றுதான் நினைத்தேன். போன வாரம் வங்கித் தேர்வுக்குப் படிக்கிற ஒரு பையன் ‘ஐ ஆம் ஹேவிங் டூ பிரதர்ஸ்’ சரியா என்று கேட்டான். அதே கேள்வியைப் போட்டேன்.

“கம்ப்யூட்டர்தான் மிஸ் திருத்தும். அதுக்கு ஒரே ஆன்சர்தான்.”

தப்பு என்று சொல்லிவிட்டு அடுத்த கேள்விக்குப் போனேன்.