பழைய போனில் வட்ஸ்அப்பும் பேஸ்புக்கும்: முதலில் திகதியைப் பாருங்கள்

பிள்ளைகள் கொழும்பிலும் கட்டாரிலும் வேலையில் இருக்க, தோட்டத்து லய வீட்டில் அம்மா கையில் இருப்பது பெரும்பாலும் அவர்கள் பாவித்துக் கழித்த போன்தான். அதில் ஒரு நாள் பேஸ்புக் திறக்காது, வட்ஸ்அப் அசையாது. ஹட்டனிலோ பண்டாரவளையிலோ உள்ள போன் கடைக்கு எடுத்துக்கொண்டு போனால் "புதுசு வாங்குங்க" என்று சொல்லிவிடுவார்கள், இல்லாவிட்டால் கேட்காமலே ரீசெட் அடித்து, உள்ளே இருப்பதை எல்லாம் அழித்துவிடுவார்கள். அதற்கு முன் வீட்டிலேயே பார்க்க வேண்டியவை சில உண்டு.

முதலில் திகதி. பழைய பேட்டரி முழுதாக இறங்கினாலோ, கழற்றி மாட்டினாலோ சில போன்களின் கடிகாரம் 2012 ஜனவரி 1 போன்ற ஏதோ ஒரு நாளுக்குப் பின்னால் போய்விடும். இது உண்மையான தளம்தான் என்று போனுக்குக் காட்டும் பாதுகாப்புச் சான்றிதழ் ஒவ்வொரு தளத்துக்கும் உண்டு, அதற்குத் தொடங்கும் நாளும் முடியும் நாளும் இருக்கின்றன. போன் இன்னும் 2012இலேயே நின்றால், "இந்தச் சான்றிதழ் இன்னும் தொடங்கவே இல்லை" என்று கணக்குப் போட்டுக் கதவை மூடிவிடும். திரையில் வருவது "இணைப்பு பாதுகாப்பானதல்ல" என்ற செய்தி மட்டும்தான், திகதி பிழை என்று எல்லா நேரமும் சொல்லாது. செட்டிங்ஸில் திகதி, நேரம் என்ற பகுதிக்குப் போய் 'தானாக' என்பதைப் போடுங்கள். டவர் சரியாகக் கிடைக்காத இடமென்றால் கையாலேயே மாற்றி, நேர வலயத்தைக் கொழும்பு, 5:30 என்று வையுங்கள். போனை ஒரு தடவை நிறுத்திப் போட்டால் பல நேரங்களில் வேலை அதோடு முடிந்துவிடும்.

அதிலும் சரிவராவிட்டால் அன்ட்ரொய்ட் எத்தனையாவது பதிப்பு என்று 'போனைப் பற்றி' என்ற இடத்தில் பாருங்கள். 5.0க்குக் கீழே என்றால் வட்ஸ்அப் கிடைக்காது. இதற்கு மாற்று வழி கிடையாது. யாராவது புளூடூத்தில் அனுப்பும் "வேற வட்ஸ்அப்" எதையும் போட வேண்டாம். கணக்கே தடையாகிவிடும், உள்ளே என்ன வைத்திருக்கிறார்கள் என்பதும் தெரியாது. ஐபோனுக்கு எல்லை ஐஓஎஸ் 15.1. ஐபோன் 5எஸ், 6 இரண்டும் 12ஐத் தாண்டாதவை, ஆகவே அவற்றிலும் முடியாது.

பேஸ்புக் திறக்கிறது, ஆனால் அதில் பகிர்ந்த செய்தியைத் தொட்டால் திறக்கவில்லை என்பது இன்னொரு முறைப்பாடு. ஏராளமான தளங்கள் லெட்ஸ் என்கிரிப்ட் என்ற அமைப்பின் இலவசச் சான்றிதழைப் பாவிக்கின்றன. அந்தச் சான்றிதழ்களை நம்பலாம் என்று உறுதி சொல்லும் பழைய மூலச் சான்றிதழ் 2021 செப்டெம்பர் 30இல் காலாவதியானது. புதியது அன்ட்ரொய்ட் 7.1.1க்கு முந்திய போன்களில் இல்லை. போனில் உள்ள மூலச் சான்றிதழ்ப் பட்டியலை நம்பாமல் தன் பட்டியலைத் தானே வைத்திருக்கும் பயர்பொக்ஸ் என்ற உலாவிதான் இதற்கு மருந்து. அன்ட்ரொய்ட் 5 முதல் 7 வரை உள்ள போன்களுக்கு அதன் 143ஆம் பதிப்பே கடைசி.

அதைவிடப் பழைய போனில், பட்டன் போனில்கூட, ஒபெரா மினி என்ற உலாவியைப் போட்டுப் பார்க்கலாம். பக்கத்தை ஒபெரா நிறுவனத்தின் சேர்வரே திறந்து, சுருக்கி அனுப்புவதால் டேட்டா குறைவு, டவர் குறிக்குப் பக்கத்தில் மெதுவான 2ஜியைக் குறிக்கும் 'ஈ' மட்டும் காட்டும் இடத்திலும் நகரும். நீங்கள் அடிக்கும் கடவுச்சொல்லும் அந்த சேர்வர் வழியாகத்தான் போகிறது என்பதை மறக்க வேண்டாம். வங்கி வேலை எதையும் இதில் செய்யாதீர்கள். தமிழ் கட்டம் கட்டமாக வந்தால் முகவரிப் பெட்டியில் ஆங்கில எழுத்தில் ஒபெரா, முக்காற்புள்ளி, கொன்பிக் (opera:config) என்று இடைவெளி விடாமல் அடியுங்கள். வரும் பட்டியலில் சிக்கலான எழுத்துகளுக்கு பிட்மெப் என்ற வரி இருக்கும், அதை 'யெஸ்' ஆக்குங்கள். அதன்பின் 'கொ' என்ற எழுத்தின் கொம்பும் காலும் பிரிந்து நிற்காது. தமிழ் படமாக வருவதால் டேட்டா கொஞ்சம் கூடும். அம்மா தன் மொழியில் வாசிக்க அது கொடுக்கக்கூடிய விலைதான்.

அன்ட்ரொய்ட் சரி, இடம்தான் போதாது என்றால், மெமரி கார்ட் போட்டுப் பிரயோசனமில்லை. வட்ஸ்அப் கார்டில் ஏறாது. படங்களை கார்டுக்கு மாற்றுங்கள், பாவிக்காத கூகுள் செயலிகளின் 'அப்டேட்'களை நீக்குங்கள். பேஸ்புக்குக்குப் பதிலாக பேஸ்புக் லைட் போடலாம். மெசஞ்சர் லைட்டைத் தேட வேண்டாம், அது 2023 செப்டெம்பரிலேயே நிறுத்தப்பட்டது.

வட்ஸ்அப்பைப் புதிதாகப் பதியும்போது வரும் 6 இலக்கத்தை வீட்டுக்குள் காத்திருந்து தவறவிட வேண்டாம். டவர் நன்றாகக் கிடைக்கும் மேட்டுக்கு ஏறிப்போய் அங்கே நின்று கேளுங்கள். திரும்பத் திரும்ப அழுத்தினால் காத்திருக்கும் நேரம்தான் கூடும். எஸ்எம்எஸ் வராவிட்டால் அழைப்பில் சொல்லும்படி கேட்கலாம். மசுகெலியா பக்கத்துப் பள்ளங்களில் போன் வேகமான வலையமைப்புக்கும் மெதுவான 2ஜிக்கும் இடையே அலைந்து பேட்டரியைத் தின்னும். பல அன்ட்ரொய்ட் போன்களில் *#*#4636#*#* அடித்து, ஒரே வலையமைப்பில் நிறுத்தி வைக்கலாம்.

ரீசெட் அடிக்கச் சம்மதிக்கும் முன் கூகுள் கணக்கின் பெயரும் கடவுச்சொல்லும் கையில் இருக்க வேண்டும். அன்ட்ரொய்ட் 5.1 முதல், ரீசெட்டுக்குப் பிறகு பல போன்கள் பழைய கணக்கைக் கேட்கும். தெரியாவிட்டால் அந்தப் போன் கல்தான். ரீலோட் போடாமல் விட்டுச் செத்துப்போன சிம் இலக்கம் பேஸ்புக் கணக்கில் இருந்தால், உள்ளே போக முடிகிற போதே மாற்றுங்கள். பேஸ்புக் செட்டிங்ஸில், கடவுச்சொல்லோடு ஒரு குறியீட்டையும் கேட்கும் இருபடிப் பாதுகாப்பைப் போட்டால் மீட்புக் குறியீடுகள் 10 கிடைக்கும். அவற்றைக் கடதாசியில் எழுதி, அடையாள அட்டை இருக்கும் பைக்குள் வையுங்கள்.