ஸ்டென்ட் வைத்தது ஒரு மணி நேரம், பயம் தெளிய எட்டு மாசம்

போன கார்த்திகையில் எனக்கு ஹார்ட் அட்டாக் வந்தது. வயது 52. வெண்ணாற்றங்கரையில் ஒரு கிராமம், வீட்டுத் திண்ணையிலேயே தையல் கடை. ஆஸ்பத்திரியில் என்னென்ன செய்வார்கள் என்று சொல்லப் பத்துப் பேர் இருக்கிறார்கள். வீட்டுக்கு வந்த பிறகு என்ன ஆகும் என்று எனக்கு ஒருவரும் சொல்லவில்லை. அதைத்தான் எழுதுகிறேன், முக்கியமாகப் பெண்களுக்காக.

முதலில், வீணாய்ப் போன ஐந்து மணி நேரம். எனக்கு நெஞ்சு வலியே இல்லை. விடியற்காலை நாலு மணிக்கு முதுகில், இரண்டு தோள்பட்டைக்கும் நடுவில், முழங்கையை வைத்து அழுத்துகிற மாதிரி இருந்தது. தாடை கடுத்தது. வெளியே விடாத மழை, குளிர். எனக்கு மட்டும் ஜாக்கெட் நனைகிற அளவுக்கு வியர்வை. நாத்தனார் வாயுதான் என்று ஓமம் கொதிக்க வைத்துக் கொடுத்தார். நானும் அப்படித்தான் நம்பினேன். எட்டு மணிக்குப் பக்கத்து ஊர் கிளினிக்கில் ஈ.சி.ஜி. எடுக்காமலே கேஸுக்கு ஊசி போட்டு அனுப்பிவிட்டார்கள். அதை நினைத்தால் இன்னும் வயிறு எரிகிறது. வாந்தி வந்த பிறகுதான் ஆரம்ப சுகாதார நிலையத்துக்குப் போனோம். அங்கே சிஸ்டர் ஈ.சி.ஜி. பார்த்த கையோடு ஆஸ்பிரின், குளோபிடோக்ரல், அட்டோர்வாஸ்டாட்டின் என்று ஒரு கை நிறைய மாத்திரையைக் கொடுத்து விழுங்க வைத்துவிட்டு 108-க்குப் போன் போட்டார். இதயம் காப்போம் திட்டத்தில் இதற்கென்றே சுகாதார நிலையங்களில் இந்த மாத்திரைகளை வைத்திருக்கிறார்கள். தாடை வலி, முதுகு வலி, காரணமில்லாத வியர்வை மூன்றும் சேர்ந்து வந்தால் ஓமத் தண்ணீருக்கு நேரம் கொடுக்காதீர்கள்.

அப்புறம் தஞ்சாவூர், மணிக்கட்டு வழியாகக் குழாய் விட்டு அடைப்பைப் பார்க்கிற ஆஞ்சியோ, அடைத்த ரத்தக் குழாயைத் திறந்து வைக்க ஒரு ஸ்டென்ட், நாலாம் நாள் வீடு. இந்தப் பகுதி நல்லபடியாக நடந்தது.

காகித விஷயம்தான் நல்லபடியாக நடக்கவில்லை. முதலமைச்சர் காப்பீட்டு அட்டை வீட்டில் இருக்கிறது என்றே நினைத்திருந்தோம். பீரோவைத் திறந்து பார்த்தால் அது மாமியார் இருந்த காலத்துப் பழைய குடும்ப அட்டைக்கு எடுத்தது. தனி ரேஷன் கார்டு வாங்கிய பிறகு நாங்கள் புதிதாகப் பதியவே இல்லை. வருமானச் சான்றுக்கு மகன் ஓடினான். அது மழையில் சம்பாப் பயிர் மூழ்கிக் கிடந்த நேரம், வி.ஏ.ஓ. சேதக் கணக்கெடுக்க வயல் வயலாகப் போய்க்கொண்டிருந்தார். இரண்டு நாள் அலைச்சல். சான்று கிடைத்ததும் கவுன்ட்டரில் இருந்தவர், ஆதாரில் ஒரு இனிஷியல், ரேஷன் கார்டில் வேறு இனிஷியல் என்று திருப்பி அனுப்பினார். மேலே கேட்கப் போனால் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை என்று மகன் சொன்னான். கடைசியில் என் வளையலை அடகு வைத்துத்தான் பணம் கட்டினோம். ஆண்டு வருமானம் 1,20,000 ரூபாய்க்குள் இருந்தால் குடும்பத்துக்கு வருஷத்துக்கு 5 லட்சம் வரை காப்பீடு உண்டு. உடம்பு நன்றாக இருக்கும்போதே அட்டையை எடுத்து, இரண்டு இடத்திலும் பெயர் ஒரே மாதிரி இருக்கிறதா என்று பார்த்து வையுங்கள்.

சரி, வீட்டுக்கு வருகிறேன்.

டிஸ்சார்ஜ் சீட்டில் ஈ.எஃப். 40% என்று எழுதியிருந்தது. இது என்ன என்று பில் கொடுத்தவரிடம் கேட்டேன். "ஹார்ட் நாற்பது பர்சென்ட்தான் வேலை செய்யுதும்மா" என்று சொல்லிவிட்டு அடுத்த ஆளைக் கூப்பிட்டார். அந்த ஒரு வாக்கியத்தோடு மூன்று வாரம் கிடந்தேன். ஒரு மீட்டர் துணியில் அறுபது சென்டி கிழிந்து போனால் மிச்சத்தில் என்ன தைக்க முடியும்? படுத்தால் இதே கணக்குத்தான். யாரிடமும் சொல்லவில்லை. மகளுக்குக் கல்யாணம் பேசிக்கொண்டிருந்தோம், அதுவரைக்கும் தாங்குமா என்று மட்டும் யோசித்துக்கொண்டிருந்தேன்.

மாத்திரை வாங்கப் போன அன்றைக்குச் சுகாதார நிலைய சிஸ்டரிடம்தான் அழுது கேட்டேன். அவர் என்னை உட்கார வைத்துச் சொன்னார். இதயம் ஒவ்வொரு தடவை சுருங்கும்போதும் உள்ளே இருக்கிற ரத்தம் முழுவதையும் தள்ளுவதில்லை, யாருக்குமே அது நூறு கிடையாது. நல்ல ஆரோக்கியமான ஆளுக்கே 55-லிருந்து 70 வரைதான் இருக்கும். "உங்களுக்குக் கொஞ்சம் குறைஞ்சிருக்கு. அட்டாக் வந்த புதுசுல சதை மரத்துப்போய் இருக்கும்மா, மாத்திரை சாப்பிட்டு நடந்தா நிறையப் பேருக்கு ஏறும்" என்றார். இரண்டு நிமிஷப் பேச்சு. அன்றைக்கு ராத்திரிதான் தொடர்ந்து நாலு மணி நேரம் தூங்கினேன். உங்கள் சீட்டில் இருக்கிற எண்ணுக்கு அர்த்தம் என்ன என்று மருத்துவரிடமோ சிஸ்டரிடமோ கேட்காமல் ஆஸ்பத்திரியை விட்டு வராதீர்கள்.

பார்க்க வந்தவர்களைப் பற்றியும் சொல்ல வேண்டும். ஆரஞ்சும் ஹார்லிக்ஸும் வாங்கிக்கொண்டு அன்பாகத்தான் வந்தார்கள். உட்கார்ந்ததும் இரண்டாவது அட்டாக்கில் போனவர்களின் கதை. ஒரு சித்தி, இப்படித்தான் நன்றாக இருந்த ஒருத்தி நாற்பதாம் நாள் கொல்லையில் விழுந்தாள் என்று விலாவாரியாகச் சொல்லி முடித்துவிட்டு என் தலையைத் தடவிக் கொடுத்தார். எனக்கு அன்றைக்கு இருபத்தி ஆறாம் நாள். அதற்கப்புறம் பதினாலு நாளும் கொல்லைப்பக்கம் தனியாகப் போகவில்லை. என் மகள்தான் வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்து, "சித்தி, அம்மா இப்பதான் மாத்திரை போட்டுட்டுத் தூங்குறாங்க" என்று அனுப்ப ஆரம்பித்தாள். வீட்டில் இப்படி ஒரு ஆள் கட்டாயம் வேண்டும்.

வீட்டுக்காரர் வாய் திறந்து எதுவும் கேட்க மாட்டார். மூழ்கிய வயலைப் பற்றியும் பேசவில்லை, என்னைப் பற்றியும் பேசவில்லை. ஒருநாள் ராத்திரி விழித்துப் பார்த்தால் என் மூக்குக்குக் கீழே அவருடைய கை. மூச்சு வருகிறதா என்று பார்த்துக்கொண்டிருக்கிறார். தினமும் அப்படித்தான் செய்கிறார் என்று அப்போதுதான் தெரிந்தது. இந்த நோய் எனக்கு மட்டும் வந்தது என்று அதுவரை நினைத்திருந்தேன். அடுத்த பரிசோதனைக்கு அவரையும் உள்ளே கூட்டிக்கொண்டு போய் மருத்துவரிடம் பேச வைத்தேன். அவர் கேட்ட முதல் கேள்வி, "இவங்க சத்தமா சிரிக்கலாமா சார்?"

முதல் இரண்டு மாதத்தில் மூன்று தடவை நடுராத்திரி ஆட்டோ பிடித்து ஓடினோம். இடது மார்பில் சுருக்கென்று குத்தும், உடனே கை நடுங்கும். மூன்று தடவையும் ஈ.சி.ஜி. சரியாக இருந்தது. மூன்றாவது தடவை இருந்த டியூட்டி டாக்டர், "சும்மா சும்மா வராதீங்க, எல்லாம் மனசுதான்" என்றார். அவமானமாக இருந்தது. அடுத்த தடவை நிஜமாகவே வந்தாலும் கூச்சத்தில் வீட்டிலேயே கிடந்திருப்பேன், அவ்வளவு ஆபத்தான வார்த்தை அது. எங்கள் இதய மருத்துவர் பொறுமையாகச் சொல்லிக் கொடுத்தார்: ஒற்றை விரலால் தொட்டுக் காட்ட முடிகிற, அமுக்கினால் வலிக்கிற, திரும்பிப் படுத்தால் மாறுகிற வலி பெரும்பாலும் சதைவலி. அழுத்தமாக வந்து தாடைக்கோ கைக்கோ முதுகுக்கோ பரவி வியர்த்தால், உட்கார்ந்துகொண்டு எழுதிக் கொடுத்த சார்பிட்ரேட் மாத்திரையை நாக்குக்கு அடியில் வைக்க வேண்டும். நின்றுகொண்டு வைத்தால் பிரஷர் இறங்கி மயக்கம் வரும். ஐந்து நிமிஷத்தில் அடங்காவிட்டால் 108. எது என்று சந்தேகமாக இருந்தால் வந்துவிடுங்கள், நூறு தடவை வீணாக வந்தாலும் பரவாயில்லை என்றார். அந்தக் கடைசி வார்த்தை எனக்கு மாத்திரையை விட வேலை செய்தது.

ஆனாலும் அழுகை நிற்கவில்லை. குழம்பு கொதிப்பதைப் பார்த்தால் அழுகை, யாராவது ஜாக்கெட் அளவு கொடுக்க வந்தால் எரிச்சல். ஒருநாள் ராத்திரி ஒரு மணிக்கு 14416-க்குப் போன் செய்தேன். டெலி மானஸ் என்கிற இலவச மனநல உதவி எண், ராத்திரி பகல் எந்நேரமும் பேசலாம். எதிர்ப்பக்கம் ஒரு பெண் குரல், தமிழில், அவசரமே இல்லாமல் கேட்டது. அவர் சொல்லித்தான் அரசு மருத்துவமனையின் மனநலப் பிரிவுக்குப் போனேன். ஊர்க்காரர் யாராவது பார்த்துவிடுவார்களோ என்று முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டு வரிசையில் நின்றேன். மருத்துவர் முதலில் இரண்டே கேள்விதான் கேட்டார். இரண்டு வாரமாக மனசு சோர்ந்தே இருக்கிறதா, பிடித்த வேலையில்கூட நாட்டம் இல்லையா? இரண்டுக்கும் ஆமாம் என்றேன். அட்டாக் வந்தவர்களில் ஏறக்குறைய ஐந்தில் ஒருவருக்கு இப்படி மனச்சோர்வு வருகிறது, கவனிக்காமல் விட்டால் இதயத்துக்கும் கெடுதல் என்றார். இதயத்துக்கு என்ன மாத்திரை சாப்பிடுகிறேன் என்று பார்த்து, அதற்கு ஒத்துப்போகிற மாத்திரை ஒன்று எழுதிக் கொடுத்தார். மூன்று நாலு வாரத்தில் வித்தியாசம் தெரிந்தது.

இப்போது ஒரு எச்சரிக்கை, இதைத் தயவுசெய்து தாண்டிப் போகாதீர்கள். தை மாசம் கடைவாய்ப் பல் வலி. பல் கிளினிக்கில் இருந்த உதவியாளர், ரத்தம் நிற்காது, ஆஸ்பிரின், குளோபிடோக்ரல் இரண்டையும் ஐந்து நாள் நிறுத்திவிட்டு வாருங்கள் என்று சொல்லி அனுப்பிவிட்டார். நானும் நிறுத்தினேன். இரண்டாம் நாள் தற்செயலாக மகள் போனில் சொல்ல, இதய மருத்துவர் அப்போதே போடச் சொல்லிச் சத்தம் போட்டார். புதிதாக வைத்த ஸ்டென்ட்டில் ரத்தம் உறைந்து அடைத்துக்கொள்ளாமல் இருக்கத்தான் ஆஸ்பிரினும் குளோபிடோக்ரலும். பொதுவாக முதல் ஒரு வருஷம் இரண்டும் வேண்டும். ஸ்டென்ட் வைத்த மருத்துவரைக் கேட்காமல் யார் சொன்னாலும் நிறுத்தக் கூடாது, பூண்டும் இஞ்சியும் காய்ச்சிக் குடித்தால் போதும் என்கிற உறவினர் சொன்னாலும்தான். பல்லை அப்புறம் மாத்திரையை நிறுத்தாமலேயே வேறொரு மருத்துவர் எடுத்தார். பஞ்சை வைத்து அரை மணி நேரம் கடிக்கச் சொன்னார், ரத்தம் நின்றுவிட்டது.

இன்னொன்று, வறட்டு இருமல். மூன்று பாட்டில் சிரப் குடித்துத் தீர்த்த பிறகுதான் இதயத்துக்குச் சாப்பிடுகிற ராமிப்ரில் மாத்திரையால் அப்படி வரும் என்று தெரிந்தது. மருத்துவர் மாற்றிக் கொடுத்ததும் போயிற்று.

நடையை நான் கரண்ட் கம்பம் கணக்கில் நடந்தேன். முதல் வாரம் ஆற்றங்கரையில் இரண்டு கம்பம் போய் வந்தேன், ஐந்து நிமிஷம். சாப்பிட்ட உடனே நடக்கவில்லை, மார்கழிப் பனியில் நடக்கவில்லை, வெயில் வந்த பிறகுதான். பேசிக்கொண்டே நடக்க முடிய வேண்டும், பேச்சுக்கு மூச்சு வாங்கினால் வேகம் அதிகம். தண்ணீர்க் குடம், மாவுக் கிரைண்டர் கல் எல்லாம் தூக்கக் கூடாது என்று சீட்டிலேயே எழுதி வாங்கி அடுப்படியில் ஒட்டினேன். வாயால் சொன்னால் நம் வீடுகளில் பத்து நாளுக்கு மேல் யாருக்கும் நினைவிருக்காது. மோர் மிளகாய், வடகம், கருவாடு, அப்பளம் நான்கையும் உப்புக்காக விட்டேன். கருவாட்டை விட்டதுதான் கஷ்டம். தப்பிய வயல்களில் அறுப்பு முடிந்து உளுந்து தலைகாட்டியபோது பதினெட்டு கம்பம் போய் வந்துகொண்டிருந்தேன்.

இடையில் ஒரு சறுக்கல். ஆறாவது வாரம் எக்கோ என்கிற இதய ஸ்கேன் எடுக்கப் போன ஸ்கேன் சென்டரில் லிஃப்ட் வேலை செய்யவில்லை, இரண்டாவது மாடி. இதய நோயாளிகள் வருகிற இடம் என்று தெரிந்தும் கீழே ஒரு நாற்காலி இல்லை, "மெதுவா ஏறி வாங்க" என்று மேலிருந்து ஒரு குரல். எட்டாவது படியில் கால் வெலவெலத்து உட்கார்ந்துவிட்டேன். மூச்சு வாங்கியதை விடப் பயம்தான். அன்றைக்கு எக்கோ எடுக்காமலே திரும்பினோம். அதற்கப்புறம் படி என்றாலே உள்ளங்கை வியர்த்தது. கடையில்கூட பெடல் மிஷினைத் தொடப் பயந்து, மோட்டார் போட்டுத்தான் முதல் ஜாக்கெட் தைத்தேன். மணிக்கட்டில் ஊசி போட்ட இடம் கத்தரி பிடித்தால் இழுத்துக்கொண்டிருந்தது, அதுவும் ஒரு மாசத்தில் சரியானது. அடுத்த மாசம் தரைத் தளத்தில் இருக்கிற வேறொரு இடத்தில் எக்கோ எடுத்தபோது ஈ.எஃப். 50.

இந்த ஆடிப் பதினெட்டுக்கு ஆற்றில் தண்ணீர் இரு கரையும் தொட்டுப் போயிற்று. நான் மேலேயே நின்று கும்பிட்டுக்கொள்கிறேன் என்றேன். மகள் காப்பரிசித் தட்டை ஒரு கையிலும் என் முழங்கையை இன்னொரு கையிலும் பிடித்துக்கொண்டாள். படித்துறையில் பதினாலு படி. இறங்கி, காதோலை கருகமணி விட்டு, அவளுக்கு மஞ்சள் கயிறு கட்டிவிட்டேன். ஏறும்போது எட்டாவது படியில் அவளாகவே நின்றாள். நான் நிற்கவில்லை. மேலே வந்து திண்டில் உட்கார்ந்து, மருத்துவர் சொல்லிக் கொடுத்த மாதிரி நாடியைப் பதினைந்து விநாடி எண்ணி நாலால் பெருக்கினேன். 84.