தூத்துக்குடிக்கு மாறுதல் வந்தபோது

"நிர்வாக நலன் கருதி" என்ற மூன்றே சொல்லில் போன வருடம் ஜூன் மாதம் என்னைத் தருமபுரியிலிருந்து தூத்துக்குடிக்குத் தூக்கியடித்தார்கள். உதவியாளர் பதவி. அம்மாவுக்கு வாரம் மூன்று நாள் டயாலிசிஸ். அப்பா இல்லை, கணவருக்கு ஓசூரில் ஷிப்டு வேலை. ஆணையைக் காட்டியபோது அம்மா தூத்துக்குடியைப் பற்றி ஒன்றும் கேட்கவில்லை. "செவ்வாய்க்கிழமை யாரும்மா கூட்டிட்டுப் போவாங்க?" என்றுதான் கேட்டார்.

அன்று இரவே நாலு பக்கம் மனு எழுதினேன். அதில் இரண்டு பக்கம், என்னைப் பழிவாங்கத்தான் இது நடந்தது என்று. மறுநாள் எங்கள் அலுவலகத்தில் ஓய்வு பெற்ற கண்காணிப்பாளர் ஐயாவிடம் காட்டினேன். நாலு ரோடு டீக்கடையில் உட்கார்ந்து படித்தவர், அந்த இரண்டு பக்கத்தையும் குறுக்கே அடித்தார். "பழிவாங்கல்னு எழுதினா நிரூபிக்கணும்மா. கோர்ட்டுக்குப் போனா அந்த அதிகாரியைப் பேர் சொல்லி எதிர்மனுதாரரா சேர்க்கணும். உங்கிட்ட என்ன ஆதாரம் இருக்கு?" ஒன்றும் இல்லை. வெறும் கோபம்தான்.

அப்புறம் மருத்துவச் சான்றைப் பார்த்தார். "சிறுநீரகக் கோளாறுக்குச் சிகிச்சை பெற்று வருகிறார்" என்று ஒரே வரி. "இதைப் படிக்கிறவர் மாத்திரை சாப்பிடறாங்கன்னு நினைப்பாரு" என்றார். இரண்டு நாள் அலைந்து, வாரம் மூன்று முறை, ஒவ்வொரு முறையும் நான்கு மணி நேரம், உடன் ஆள் தேவை என்று எழுதி வாங்கினேன். கூடவே டயாலிசிஸ் நோட்டின் ஆறு மாத நகல். வரும்போது எடை 51.5, போகும்போது 49 என்று தேதிவாரியாக இருக்கும். ஓரத்தில் உடன் வந்தவர் கையெழுத்து. ஆறு மாதமும் என் கையெழுத்துதான். வாரம் மூன்று முறை போட்டும் நான் அதைக் கவனித்ததில்லை. ஐயாதான் விரலை வைத்துக் காட்டினார்.

புது மனு ஒரே பக்கம். ரத்து செய்ய வேண்டும், முடியாவிட்டால் கிருஷ்ணகிரியில் இன்ன அலுவலகத்தில் இந்தப் பதவி காலியாக இருக்கிறது, அங்கே போட வேண்டும் என்று கேட்டோம். "சொந்த விருப்பத்தின் பேரில்" என்று மட்டும் எழுதாதே, பயணப்படி போய்விடும் என்றார். அலுவலகத் தலைவர் வழியாகத் துறைத் தலைவருக்கு ஒன்று, அது போய்ச் சேரும் முன்பே அவர் கைக்குக் கிடைக்க ஒரு முன்நகல் நேராகப் பதிவுத் தபாலில், ஒப்புகை அட்டையோடு. தபால் பிரிவில் என் நகலில் முத்திரையும் தேதியும் போட்டு வாங்கிக்கொண்டேன்.

போகாதே, மெடிக்கல் லீவு போடு என்றார்கள் கூட வேலை பார்ப்பவர்கள். வக்கீல் கண்டிப்பாக மறுத்தார். மனு நிலுவையில் இருக்கிறது என்று சொல்லி மாறுதலுக்குக் கீழ்ப்படியாமல் இருக்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் 1989லேயே சொல்லிவிட்டதாம். பாலக்கோட்டிலிருந்து சித்தி வந்து அம்மாவோடு தங்கினார். நான் மைசூர் – தூத்துக்குடி எக்ஸ்பிரஸில் ஏறிப் போய்ப் பணியில் சேர்ந்தேன். அந்த ராத்திரியைப் பற்றி எழுத வேண்டாம்.

ஐந்து வாரம் பதிலே இல்லை. சென்னை உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டோம். மாறுதலை ரத்து செய்யச் சொல்லிக் கேட்கவில்லை. விதிமீறலோ கெட்ட நோக்கமோ இல்லாமல் மாறுதலில் நீதிமன்றம் தலையிடாது என்று 1991 தீர்ப்பு ஒன்று இருக்கிறது. குடும்பக் கஷ்டத்தைப் பார்க்க வேண்டியது நிர்வாகம்தான். அதனால், என் மனுவைப் பரிசீலித்து முடிவெடுக்க உத்தரவிடுங்கள் என்று மட்டும் கேட்டோம். நான்கு வாரக் கெடு கிடைத்தது. தீர்ப்பு நகலை மனு நகலோடு சேர்த்து மறுபடியும் பதிவுத் தபாலில் அனுப்பினேன்.

மூன்றாவது வாரம் ஆணை வந்தது. தருமபுரி இல்லை, கிருஷ்ணகிரி. "கோரிக்கையின் பேரில்" என்று போட்டிருந்தார்கள், ஆக அவ்வளவு பார்த்துப் பார்த்து எழுதியும் பயணப்படி போனது போனதுதான். வாதாட எனக்குத் தெம்பில்லை.

இப்போது காவேரிப்பட்டணம் வழியாகத் தினமும் பஸ். செவ்வாய், வியாழன் இரண்டு நாளும் டயாலிசிஸை மாலைக்கு மாற்றி வாங்கியிருக்கிறோம்; சனிக்கிழமை எனக்கு விடுமுறை. செவ்வாயும் வியாழனும் சித்தி கொண்டுபோய் விடுவார். எட்டு மணிக்கு நான் போய், நோட்டில் கையெழுத்துப் போட்டு அம்மாவைக் கூட்டி வருகிறேன்.