மொனாட்நாக்: 6 அடி கனச் சுவரில் 16 மாடி

சிகாகோவில் டியர்பார்ன் தெருவும் ஜாக்சன் சாலையும் சேரும் முனையில் மொனாட்நாக் என்ற பழைய அலுவலகக் கட்டிடம் இருக்கிறது. அதன் வடக்கு வாசலுக்குள் நுழையும்போது, சுவரின் கனத்தைக் கடக்கவே இரண்டு எட்டு வைக்க வேண்டியிருந்தது. தரைத்தளத்தில் செங்கல் சுவர் 6 அடி கனம். சுற்றிலும் கண்ணாடியும் எஃகுமாக நிற்கும் நகரத்தின் நடுவில் அந்த இரண்டு எட்டு எனக்கு மறக்கவே இல்லை.

ஏன் இவ்வளவு கனம்? கட்டிடத்தை இரண்டு பாதியாகக் கட்டினார்கள். வடக்குப் பாதி 1891இல் முடிந்தது, 16 மாடி, வெளிச்சுவர்தான் தன் எடையைத் தாங்க வேண்டும். உச்சி மாடிக்கு 12 அங்குலம், அங்கிருந்து ஒவ்வொரு மாடி கீழே வரும்போதும் 4 அங்குலம் கூட்டு என்பது அந்தக் காலத்துக் கணக்கு. கூட்டிப் பாருங்கள், 15 முறை கூட்டினால் சரியாக 72 அங்குலம், அதாவது 6 அடி வரும். இன்னும் உயரமாகக் கட்டியிருந்தால் வாடகைக்கு விட வேண்டிய தரைத்தளத்தைச் சுவரே தின்றிருக்கும். இத்தனைக்கும் அதே ஊரில் 1885லேயே ஹோம் இன்ஷூரன்ஸ் கட்டிடம் எடையைத் தாங்கும் இரும்புச் சட்டகத்தோடு எழுந்துவிட்டது.

இதைச் "செங்கல் யுகத்தின் கடைசிக் கட்டிடம்" என்று சொல்லி முடித்துவிடுவது எனக்குச் சரியாகப் படவில்லை. உள்ளே தளங்களைத் தாங்குவது உலோகத் தூண்கள்தான். அகலம் குறைவான, நீளமான கட்டிடம் என்பதால் காற்று பக்கவாட்டில் தள்ளும், அதற்கு ஈடுகொடுக்கவும் உள்ளே உலோகப் பிணைப்பு கொடுத்திருக்கிறார்கள். பழைய முறையும் புதிய முறையும் ஒரே கூரைக்குக் கீழே வேலை செய்கின்றன.

வடிவமைத்தது பர்ன்ஹாம், ரூட் கூட்டு நிறுவனம், வடிவம் ஜான் வெல்பார்ன் ரூட்டுடையது. பணம் போட்டவர்கள் பாஸ்டனைச் சேர்ந்த புரூக்ஸ் சகோதரர்கள். அழகுக்காகத் துருத்தி நிற்கும் வேலைப்பாடு எதுவும் கூடாது, அதில் அழுக்கு சேரும், புறா அடையும் என்று பீட்டர் புரூக்ஸ் கறாராக இருந்தார். ரூட் முதலில் எகிப்தியச் சாயலில் அலங்காரங்கள் வரைந்திருந்தார், அவையெல்லாம் போய்விட்டன. அப்புறம் அவர் செய்ததுதான் எனக்கு ரொம்பப் பிடித்தது: அலங்காரத்தைச் சுவருக்கு மேல் ஒட்டாமல் சுவரையே வளைத்தார். அடியில் சுவர் மெல்ல வெளியே விரிகிறது, உச்சியில் மறுபடி வெளியே சாய்கிறது, மூலைகள் மேலே போகப் போக மழுங்கிக்கொண்டே போகின்றன, இதற்கென்றே செங்கற்களைத் தனி அச்சில் வார்த்திருக்கிறார்கள். வெளிச்சத்துக்காக வெளித்தள்ளிய ஜன்னல் வரிசைகள்கூட சுவர் ஒரு மூச்சு விட்டது போலத்தான் புடைத்து நிற்கின்றன. ரூட் இதை முடிந்த நிலையில் பார்க்கவில்லை, 1891 ஜனவரியில் நிமோனியாவில் இறந்துவிட்டார், வயது 41தான்.

இந்த எடையைக் கீழே யார் தாங்குவது? சிகாகோவின் மண் மெத்தென்ற களிமண். அதனால் எஃகை குறுக்கும் நெடுக்குமாக அடுக்கி, கான்கிரீட்டில் புதைத்து, தெப்பம் மாதிரி அகலமான அஸ்திவாரம் போட்டார்கள். கட்டிடம் 8 அங்குலம் இறங்கும் என்று முன்கூட்டியே கணக்குப் போட்டிருந்தார்கள், ஆனால் காலப்போக்கில் அது 20 அங்குலம் வரை இறங்கிவிட்டது, தெருவிலிருந்து ஒரு படி கீழே இறங்கித் தரைத்தளத்துக்குள் போகும் நிலை வந்தது. அப்படி இறங்கியும் இன்றைக்கும் உள்ளே அலுவலகங்கள் நடக்கின்றன.

உள்ளே படிக்கட்டைப் பார்க்காமல் வந்துவிடாதீர்கள். அதில் அலுமினியம் இருக்கிறது. அப்போது அது விலை உயர்ந்த, அபூர்வமான உலோகம், கட்டிட வேலையில் அது முதன்முதலாகப் பயன்பட்ட இடங்களில் இதுவும் ஒன்று.

தெற்குப் பாதி 1893இல் முடிந்தது, ஹோலபர்ட் அண்ட் ரோச் என்ற வேறு நிறுவனம் வடிவமைத்தது. அங்கே எஃகுச் சட்டகம் வந்துவிட்டது. செலவு குறைந்தது, எடை குறைந்தது, வாடகைக்கு விடும் இடம் கூடியது. ஆனால் அலங்காரமும் திரும்பி வந்தது, எனக்கு அதில் மனம் ஒட்டவில்லை. டியர்பார்ன் தெருவின் எதிர்ப்பக்கம் நின்றால் இரண்டு பாதியும் சேரும் இடம் நன்றாகத் தெரியும். இரண்டே வருட இடைவெளி, ஒரு பக்கம் சுவர் தன்னைத் தானே தூக்கி நிற்கிறது, மறுபக்கம் சட்டகம் சுவரைத் தூக்கி நிற்கிறது. நான் அங்கே வெகுநேரம் நின்றிருந்தேன்.