வாய்தாவுக்கு மேல வாய்தா
திருப்பூர்ல பனியன் கம்பெனிக்கு நூல் குடுத்துட்டு, திரும்பி வந்த செக்கோட கோர்ட் வராண்டாவுல நிக்கிறார் எங்க மாமா. பேரைக் கூப்பிடுவாங்க, எதிராளிக்கு உடம்பு சரியில்லைன்னு மனு வரும், ரெண்டு நிமிசத்துல அடுத்த தேதி. அந்த எதிராளியையே அன்னிக்குச் சாயங்காலம் பேக்கரில தேங்கா பன்னோட பார்த்தது தனிக்கதைங்க.

செக் வழக்கை ஆறு மாசத்துல முடிக்க முயற்சி பண்ணணும்னு மாற்றுமுறை ஆவணச் சட்டம் 143வது பிரிவே சொல்லுது. விரைவான விசாரணை அடிப்படை உரிமைன்னு உசைனாரா காத்தூன் வழக்குல உச்ச நீதிமன்றம் சொன்னது 1979ல.

"ஐகோர்ட் போயி, இத்தனை மாசத்துல முடிங்கன்னு உத்தரவு வாங்கிரலாமுங்களா?"ன்னு மாமா கேட்டார். வக்கீல் உதட்டைப் பிதுக்கினார். ரொம்ப விசேசமான காரணம் இல்லாம கீழ்க் கோர்ட்டுக்குக் கெடு வைக்கக் கூடாதுன்னு 2024 பிப்ரவரில உச்ச நீதிமன்றத்தோட அஞ்சு நீதிபதிகள் அமர்வு சொல்லிருச்சாம். எரிச்சலா இருந்தாலும் அதுல நியாயம் இருக்குன்னுதான் எனக்குப் படுது. மெட்ராஸ் வரைக்கும் போக வசதி இருக்கறவன் கேஸ் முன்னாடி வந்தா, பக்கத்துல நிக்கிற கூலிக்காரர் கேஸ் பின்னாடிதானே போகும்?

இப்ப 143ஏ பிரிவுல மனு போடுறோம். எதிராளி குற்றத்தை மறுத்த பின்னாடி, செக் தொகையில 20 சதவீதம் வரைக்கும் இடைக்கால இழப்பீடு கேட்கலாம். குடுக்கறதும் விடறதும் நீதிபதி முடிவு.

"அந்த மனுவுக்கும் ஒரு வாய்தா வாங்குவானுக மாப்ளே"ங்கிறார் மாமா.