அசந்த பாறை

ஏப்ரல் 14
எங்க மாந்தோப்புக்குப் பின்னாடி கரட்டுல ரெண்டு பாறைக்கு நடுவுல ஒரு குடைவு இருக்கு. ஆயா அதை அசந்த பாறைன்னுதான் சொல்லும், அங்க உக்காந்தா பொழுது அசந்து போயிடுமாம். ஆடு மேய்க்கிறப்ப அம்பது வருஷமா மதியத்துல ரெண்டு மணி நேரம் அங்கதான் உக்காரும். இன்னிக்கு அப்பாவோட பழைய சாவி வாட்ச்சைக் கட்டிட்டுப் போய் படுத்தேன். வாட்ச்ல நாப்பது நிமிஷம்தான் ஓடிச்சு, வெளிய வந்தா அம்மா ஒரு மணி நேரமா கூப்புடறேன் காது கேக்கலயான்னு திட்டுது.

ஏப்ரல் 15
ஒரே மரத்துக் காய், பத்து செந்தூரா பறிச்சு, அஞ்சைக் குடைவுல வைக்கோல்ல, அஞ்சை வீட்டுல வைக்கோல்ல வெச்சேன்.

ஏப்ரல் 23
இன்னிக்கு நம்ம ஊர்ல நிழல் விழாத நாள், சூரியன் நேரா தலைக்கு மேல வரும். ஆனா 12 மணிக்கு வராது. இந்திய நேரம் 82.5 டிகிரி தீர்க்கரேகைய வெச்சு ஓடுது, கிருஷ்ணகிரி 78.2 பக்கம் இருக்கு, ஒரு டிகிரிக்கு 4 நிமிஷம்னு போட்டா உச்சிப்பொழுது 12.15 வாக்குலதான். களத்துல குச்சி நட்டுட்டு, 9.15க்கு வாட்ச்சை உள்ள வெச்சேன். குச்சி நிழல் மறஞ்சதும் ஓடிப்போய் எடுத்தேன், 11.15! மூணு மணி நேரத்துக்கு ரெண்டு மணி நேரம். எனக்கு கை நடுங்கிடுச்சு.

ஏப்ரல் 24
எங்க மாவட்டத்து மயிலாடும்பாறையில 4,200 வருஷத்துக்கு முந்தியே இரும்பு புழங்கின மண்ணு இது, பாறையில காந்தம் இருந்து வாட்ச்சை இழுக்குதோன்னு ராத்திரி பூரா யோசிச்சேன். ஆனா மாங்காயைக் காந்தம் என்ன பண்ணும்? வீட்டுல வெச்சது பழுத்து வாசனை தூக்குது, குடைவுல வெச்சது இன்னும் கெட்டியா இருக்கு. ஈர்ப்பு விசை கூடுனா நேரம் மெதுவாகும், ஜிபிஎஸ் சாட்டிலைட்ல இருக்கற கடிகாரம் மேல இருக்கறதால முந்தும், வேகமா சுத்தறதால கொஞ்சம் பிந்தும், கூட்டிக் கழிச்சா தரையில இருக்கறதை விட ஒரு நாளைக்கு சுமார் 38 மைக்ரோ செகண்ட் முந்தி ஓடுது, அதைத் திருத்தித்தான் நம்ம மேப் வேலை செய்யுது. ஆனா இங்க மூணுல ஒரு பங்கு காணாம போகுதே, அவ்ளோ ஈர்ப்பு இருந்தா நான் நசுங்கியிருக்கணும். தராசைத் தூக்கிட்டுப் போய் நின்னு பாத்தேன், அதே 64 கிலோதான்.

ஏப்ரல் 29
ஆயாவை ஆஸ்பத்திரியில இருந்து கூட்டிட்டு வந்துட்டோம். மூணு நாலு வாரம்னு சொல்லிட்டாங்க. அக்காவுக்கு ஜூன் முதல் வாரத்துல பிரசவம். அம்மா அடுப்படியில உக்காந்து அழுதுட்டே இருந்துச்சு, நான் காலண்டரையே பாத்துட்டு இருந்தேன்.

ஏப்ரல் 30
ஆயாகிட்ட விஷயத்தைச் சொன்னேன். "அங்க போனா எனக்கு ஆயுசு கூடுமா சாமி?"ன்னு கேட்டுச்சு. கூடாது ஆயா, உனக்கு அதே நாலு வாரம்தான், வெளிய எங்களுக்கு ஆறு வாரம் ஓடிடும்னேன். ரொம்ப நேரம் பேசல. அப்புறம் "கட்டில தூக்குங்கடா, கொள்ளுப்பேரனோ பேத்தியோ பாத்துட்டுப் போறேன்"னுச்சு. சாயங்காலமே நாலு பேர் தூக்கிட்டுப் போனோம், மேல தார்ப்பாய் கட்டியாச்சு.

மே 17
ராத்திரி மழை, தார்ப்பாய் தாங்குச்சு. நானும் அம்மாவும் மாத்தி மாத்தி உள்ள இருக்கோம். கேழ்வரகுக் கூழை உள்ள வெச்சுட்டு வெளிய போய்ட்டு வந்தா சூடு ஆறவே மாட்டேங்குது. வெளிய பெங்களூரா மாங்கா லோடு ஏத்தணும், அந்த வேலையெல்லாம் தள்ளிப் போகுது, போகட்டும். உள்ள உக்காந்திருக்கறப்ப ஆயா பழைய கதை சொல்லும், மல்லசந்திரம் கரட்டுல குள்ளருங்க கல்லு வீடு கட்டி வாழ்ந்த கதை, நான் முழுசா கேட்டேன்.

ஜூன் 3
பொண்ணு. ராத்திரி 2.10க்கு. ஆயா கூழ் குடிக்கறதை நிறுத்தி ரெண்டு நாளாச்சு, அதோட கணக்குல.

ஜூன் 7
அக்கா வேண்டாம்னு சொல்லியும் கேக்காம கார்ல வந்துருச்சு. கொழந்தைய ஆயா நெஞ்சு மேல படுக்க வெச்சோம். கை தூக்க முடியல, அம்மா கையைப் புடிச்சு கொழந்தை முதுகுல வெச்சுச்சு. ஆயா அதும் பேரைக் கேட்டுச்சு, இன்னும் வெக்கலன்னோம். வீட்டுக் காலண்டர்ல 38 தாள் கிழிச்சாச்சு. ஆயாவுக்கு இன்னிக்கு இருபத்தஞ்சாவது நாள்.